உடைப்பதற்கு முன் ஒரு மணி நேரம்

கேள்வி:

வணக்கம் அக்கா. எனக்கு 28 வயது. உட்புற வடிவமைப்பில் டிப்ளோமா முடித்து, சிங்கப்பூரின் உபி வட்டாரத்தில் ஒரு நிறுவனத்தில் ஐந்து ஆண்டுகளாக வேலை பார்க்கிறேன். பெரும்பாலும் பழைய வீவக வீடுகளைப் புதுப்பிக்கும் வேலை. (வீவக என்றால் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்.) போன ஆண்டு தோழி எடுத்த குறும்படத்துக்கு இரண்டு நாள் செட் அமைத்துக் கொடுத்தேன். அன்றிலிருந்து அலுவலக வேலையில் மனம் ஒட்டவில்லை. படங்களில் செட் டெக்கரேட்டராக, பிறகு புரொடக்‌ஷன் டிசைனராக என்னால் ஆக முடியுமா? முதுகலை படிக்க 30,000 வெள்ளி சேர்த்து வைத்திருக்கிறேன். இங்கிலாந்துக்குப் போகலாமா, இல்லை சென்னைக்குப் போய் யாரிடமாவது உதவியாளராகச் சேரலாமா? எங்கள் பிடிஓ வீட்டுக்கு (பதிவு செய்தபின் கட்டித் தரும் வீவக வீடு) அடுத்த ஆண்டு சாவி வரும். அம்மா, "நிலையான வேலையை விட்டுட்டு சினிமால மேசை நாற்காலி தூக்கப் போறியா?" என்கிறார்.

– காக்கி புக்கிட் வாசகி

பதில்:

அன்புத் தங்கைக்கு,

அம்மா சொல்வது உண்மைதான். மேசை நாற்காலி தூக்கத்தான் வேண்டும். முதல் சில ஆண்டுகளில் வரைவதைவிடத் தூக்குவதே அதிகம். லாரியில் ஏற்ற வேண்டும், மின்தூக்கி நிற்காத மாடிக்குச் சுமக்க வேண்டும், படப்பிடிப்பு முடிந்த நள்ளிரவில் எல்லாவற்றையும் கட்டி, இரவல் வாங்கிய பொருளை மறுநாள் காலை உரியவர் வீட்டில் சேர்க்க வேண்டும். நான் இருபத்து மூன்று ஆண்டுகளாக இதில் இருக்கிறேன். இன்றும் தூக்குகிறேன்.

ஆனால் உங்கள் கடிதத்தில் நீங்கள் போகிறபோக்கில் எழுதிவிட்ட ஒரு வரியில்தான் என் கண் நின்றது. "பெரும்பாலும் பழைய வீவக வீடுகளைப் புதுப்பிக்கும் வேலை." ஒரு குடும்பம் முப்பது, நாற்பது ஆண்டு வாழ்ந்த வீட்டுக்குள், சுத்தியலோடு ஆட்கள் வருவதற்கு முன்னால், அளவுநாடாவோடு போய் நிற்கிறவர் நீங்கள். ஐந்து ஆண்டில் எத்தனை வீடுகள் பார்த்திருப்பீர்கள்! எனக்கு அப்படி ஒரு வாய்ப்புக் கிடைத்ததே இல்லை. நீங்கள் விட்டுவிட நினைக்கிற அந்த வேலைதான் இந்தத் துறைக்கு உங்களிடம் இருக்கிற பெரிய முதல். அதைப் பற்றித்தான் அதிகம் எழுதப் போகிறேன்.

முதலில் வேலை எது என்று சொல்லிவிடுகிறேன். புரொடக்‌ஷன் டிசைனர் இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் உட்கார்ந்து படம் முழுவதன் தோற்றத்தையும் முடிவு செய்கிறவர். எதைக் கட்டுவது, எதை இருக்கிற இடத்தில் எடுப்பது, என்ன காலம், என்ன நிறம் எல்லாம் அவர் பொறுப்பு. வரைபடம், தச்சு வேலை, செலவுக் கணக்கு ஆகியவற்றை நடத்துகிறவர் ஆர்ட் டைரக்டர். கட்டி முடித்த அறைக்குள் வருகிற திரைச்சீலை, விளக்கு, நாற்காலி, அலமாரிப் புத்தகம் அத்தனையும் செட் டெக்கரேட்டருடையது. நடிகர் கையாளும் பொருள் மட்டும் புராப்ஸ் பிரிவுக்குப் போகும். மூலையில் சாத்திவைத்த குடை டெக்கரேட்டர் பொறுப்பு. நடிகர் அதை எடுத்து விரித்தால் அது புராப்ஸ். ஆஸ்கரில் இந்தப் பிரிவின் விருதை டிசைனரும் டெக்கரேட்டரும் சேர்ந்தேதான் வாங்குகிறார்கள். 2012இல் விருதின் பெயர் 'ஆர்ட் டைரக்‌ஷன்' என்பதிலிருந்து 'புரொடக்‌ஷன் டிசைன்' என்று மாறியபோதும் அந்தக் கூட்டு மாறவில்லை. தமிழ்ப் படங்களில் இவை எல்லாவற்றுக்கும் பெரும்பாலும் கலை இயக்குநர் என்ற ஒரே பெயர்தான். நம் ஊர் தொலைக்காட்சி நாடகத்தில் மூன்று நான்கு பேர் எல்லா வேலையையும் பங்கு போட்டுக்கொள்வோம்.

இப்போது உங்கள் வேலைக்கும் இதற்கும் உள்ள வித்தியாசம். உட்புற வடிவமைப்பாளர் இனி குடிவரப் போகிறவருக்காக வீட்டைத் தயார் செய்கிறார். செட் டெக்கரேட்டர் ஏற்கெனவே ஒருவர் வாழ்ந்துகொண்டிருக்கிற வீட்டை, அப்படி ஒருவர் இல்லாமலே உண்டாக்குகிறார். ஐந்து ஆண்டுகளாகக் கறையைத் துடைத்துப் பழகிய கை உங்களுடையது. இனி அதே கை கறையை வைக்கப் பழக வேண்டும்.

சாமி மேடையை எடுத்துக்கொள்ளுங்கள். 1986இல் ஒரு பாட்டி வாழும் வீவக வீடு என்று காட்சித்தாளில் இருக்கிறது. புதிதாக வருகிறவர்கள் தேக்காவுக்குப் போய்ப் பித்தளை விளக்கும் முருகன் படமும் வாங்கி, முழம் பூவைச் சாத்திவிட்டு, "முடிஞ்சுது அக்கா" என்பார்கள். கேமரா வழியாகப் பார்த்தால் அது கடையின் கண்ணாடி அலமாரி மாதிரி இருக்கும். தினமும் இரண்டு வேளை விளக்கேற்றிய இடம் அப்படியா இருக்கும்? விளக்குக்கு நேர் மேலே சுவரில் புகை நாக்கு நீட்டியிருக்கும். பலகையில் எண்ணெய் ஊறி, அதற்கு மேல் விரித்த செய்தித்தாளும் ஊறிப்போயிருக்கும். தீப்பெட்டி ஒன்றல்ல, இரண்டு இருக்கும், ஒன்று காலி. படத்துக்குப் பின்னால் கோயில் ரசீதும் மடித்த ஜாதகமும் செருகியிருக்கும். தாத்தாவின் படம் சாமி படங்களோடு ஒட்டாமல் கொஞ்சம் தள்ளி, தனக்கென்று ஒரு சந்தனப் பொட்டோடு இருக்கும்.

புகையை மெழுகுவர்த்தி கொளுத்தி வரவழைக்க மாட்டோம். கறுப்பும் பழுப்பும் கலந்த பொடியை உலர்ந்த தூரிகையில் தொட்டு, கொஞ்சம் கொஞ்சமாக மேல்நோக்கித் தேய்ப்போம். எண்ணெய்க்கு வார்னிஷ், ஒரு பூச்சு காய்ந்தபின் இன்னொன்று. படத்துக் கண்ணாடியில் குங்குமம் எங்கே இருக்க வேண்டும் என்பதுதான் நான் என் உதவியாளர்களிடம் முதலில் கேட்கும் கேள்வி. சாமியின் நெற்றி என்று எல்லோரும் சொல்வார்கள். பாட்டியின் கை எவ்வளவு உயரம் எட்டும் என்று யாரும் கேட்பதில்லை. எட்டாத படத்தில் குங்குமம் பாதத்தில்தான் இருக்கும். அதனால் முடிந்தபோதெல்லாம் பாட்டியாக நடிப்பவரையே முந்தின நாள் வரவழைத்து, அவர் விரலாலேயே வைக்கச் சொல்வேன். ஒருமுறை அப்படி வைத்த அம்மா ஒருவர், வைத்து முடித்ததும் தன்னையறியாமல் கைகூப்பிவிட்டு அந்தப் பலகையின் விளிம்பைப் பிடித்தபடி கொஞ்ச நேரம் நின்றார். மறுநாள் காட்சியிலும் இயக்குநர் சொல்லாமலே அங்கேதான் போய் நின்றார்.

வெள்ளைத் துணியையும் சொல்லிவிடுகிறேன். புதுவெள்ளைத் துண்டையோ படுக்கை விரிப்பையோ அப்படியே வைத்தால், விளக்கு வெளிச்சத்தில் கண் அதன்மேல்தான் போகும், நடிகர் முகம் பின்தங்கிவிடும். ஒரு வாளி வெந்நீரில் தேயிலைத் தூளைக் கொட்டி, துணியை முக்கி எடுத்து, நிழலில் காய வைப்போம். திரையில் அது பளிச்சென்ற வெள்ளையாகத் தெரியாது, வீட்டில் துவைத்த வெள்ளையாகத் தெரியும்.

இவையெல்லாம் உங்களுக்கு எப்படித் தெரியவரும்? உடைக்கப் போகிற வீட்டில் நிற்கும்போதுதான். சுவிட்சைச் சுற்றி அழுக்கு எந்த வடிவத்தில் படிகிறது, நாள்காட்டியைக் கழற்றிய இடத்தில் சுவர் எப்படி வெளுத்திருக்கிறது, அலமாரிக் கதவின் உட்புறத்தில் பிள்ளைகளின் உயரத்தைப் பென்சிலால் எப்படிக் குறித்திருக்கிறார்கள் என்று பாருங்கள். இதுவரை அளவெடுத்துவிட்டுக் கிளம்பியிருப்பீர்கள். இனி வீட்டுக்காரரிடம் கேட்டுக்கொண்டு, உடைப்பதற்கு முன் ஒரு மணி நேரம் அங்கே தனியாக இருங்கள். படம் எடுங்கள். அனுமதி வாங்காமல் வேண்டாம். முகங்கள், சான்றிதழ்கள், கடிதங்கள் எதுவும் படத்தில் விழக் கூடாது. தொகுதி எண்ணையும் எழுத வேண்டாம். வீடு கட்டிய ஆண்டு, அறை அளவு, சன்னல் வகை போதும்.

ஆண்டு ஏன் முக்கியம் என்பதை நான் ஒரு பிழையில் கற்றேன். 1982இல் நடக்கும் ஒரு கதைக்கு மளிகைக் கடை அமைத்தோம். பலகையைக் கையால் எழுதவைத்து, எழுத்தின் ஓரத்தை உப்புத்தாளால் தேய்த்து, துருவின் நிறம் வரை பார்த்துப் பார்த்துச் செய்தேன். கூட்டத்தில் ஒருவராக நடிக்க வந்திருந்த ஓய்வுபெற்ற தபால்காரர் ஒருவர் மதியச் சாப்பாட்டு நேரத்தில் மெதுவாக வந்து, "அப்போ ஆறு இலக்கம் கிடையாதேம்மா" என்றார். ஆறு இலக்க அஞ்சல் குறியீடு வந்தது 1995 செப்டம்பரில். 1982இல் நான்கு இலக்கம்தான். காலையில் எடுத்த காட்சிகளில் பலகை தெரிந்தவற்றைத் திரும்ப எடுக்க வேண்டியதாயிற்று. பத்துப் பேரின் அரைநாள் உழைப்பு என் ஒரு வரியால் போனது.

அன்றிலிருந்து ஒரு குறிப்பேடு வைத்திருக்கிறேன். தொலைபேசி எண் எட்டு இலக்கமானது 2002 மார்ச்சில். அதற்கு முன் ஏழு. கப்பல் படம் போட்ட பண நோட்டு 1984இல் வந்தது, முதல் அதிபர் யூசோஃப் இஷாக் முகம் போட்டது 1999இல். போர்க்காலப் பாதுகாப்புக்காக வீட்டுக்குள் இருக்கும் புகலிட அறை 1990களின் பின்பாதியில்தான் வந்தது, ஆகவே 1986 வீட்டில் அந்தக் கனத்த இரும்புக் கதவு தெரியவே கூடாது. மாறாக, அடுக்களையிலேயே குப்பைக் குழாயின் மூடி இருந்தாக வேண்டும், ஏனென்றால் வீட்டுக்கு வெளியே எல்லோருக்கும் பொதுவான குப்பைக் குழாய் 1989 முதல்தான் கட்டப்பட்டது. இன்றைய வீட்டை வாடகைக்கு எடுத்து அன்றைய கதையை எடுக்கும்போது இந்த இரண்டும்தான் மாட்டிக்கொள்ளும். புகலிடக் கதவுக்கு முன் அலமாரியை நகர்த்தி மறைக்கலாம். குப்பைக் குழாய் மூடியை ஒட்டுப்பலகையில் செய்து சுவரில் பதிக்க வேண்டும். அதற்கு அளவு வேண்டும். உங்கள் கோப்புகளில் அந்த அளவு இருக்கிறது, தங்கை. என்னிடம் ஒரே ஒரு வீட்டின் அளவுதான் இருக்கிறது, அதையே பல ஆண்டுகளாகப் பயன்படுத்தி வருகிறேன்.

தேசிய நூலக வாரியத்தின் நியூஸ்பேப்பர்எஸ்ஜி தளத்தில் பழைய தமிழ் முரசு இதழ்களைப் புரட்டலாம். செய்தியைவிட விளம்பரங்களைப் பாருங்கள். எந்த ஆண்டு எந்தக் கடை என்ன விற்றது என்பது அங்கே தெரியும். பழைய பொருளுக்கு முன்பெல்லாம் சுங்கை ரோட்டுச் சந்தைக்கு ஓடுவோம். அது 2017 ஜூலையில் மூடப்பட்டது. அப்புறம் பழைய பொருள் விற்கும் கரோசெல் செயலி, தெரிந்தவர் வீட்டுப் பரண் என்று தேடிக்கொண்டிருக்கிறோம். நீங்களோ சாய்வுக் கண்ணாடிச் சன்னலும் பூவேலை இரும்புக் கதவும் மொசைக் கல்லும் குப்பை வண்டியில் ஏறுவதை வாரந்தோறும் பார்க்கிறீர்கள். வீட்டுக்காரரும் ஒப்பந்தக்காரரும் சரி என்றால் இரண்டு சன்னல் சட்டங்களையாவது எடுத்து வையுங்கள்.

படிப்பு விஷயம். இப்போது 30,000 வெள்ளியை அதில் போட வேண்டாம் என்பது என் கருத்து. திரைப்படப் பள்ளி தருகிற பெரிய சொத்து உடன் படிக்கிற இயக்குநர்களும் ஒளிப்பதிவாளர்களும்தான். பத்து ஆண்டு கழித்து வேலைக்கு அழைப்பவர்கள் அவர்கள். உங்களை அழைக்கப் போகிறவர்கள் இங்கே இருக்கிறார்கள். நீ ஆன் பலதுறைத் தொழிற்கல்லூரி மாணவர்களும், 2024 முதல் சிங்கப்பூர்க் கலைப் பல்கலைக்கழகத்தின் கீழ் இருக்கும் லாசால் கலைக் கல்லூரி மாணவர்களும் ஆண்டுதோறும் படம் எடுக்கிறார்கள். இயக்கவும் ஒளிப்பதிவு செய்யவும் ஆள் இருக்கும், செட்டுக்கு ஆள் தேடிக்கொண்டே இருப்பார்கள். நான்கைந்து படங்களில் உழைத்துவிட்டு, அதற்குப் பிறகும் படிக்கத் தோன்றினால் போங்கள். அப்போது என்ன கேட்டுப் படிக்க வேண்டும் என்பது தெரிந்திருக்கும். மென்பொருள் பற்றிக் கவலை வேண்டாம், ஸ்கெட்ச்அப்பும் ஆட்டோகேடும் தெரிந்த உங்களுக்கு அது ஒரு வாரப் பழக்கம்.

சென்னையை நான் மிகவும் மதிக்கிறேன். 1987இல் 'நாயகன்' படத்துக்காகத் தோட்டா தரணி மும்பையின் தாராவியைச் சென்னையில் எழுப்பியதைப் பார்த்துத்தான் என் தலைமுறையில் பலருக்கு இந்த வேலை இருப்பதே தெரிந்தது. அதற்குத் தேசிய விருதும் கிடைத்தது. அந்த அளவுக்குத் தச்சர்களும் வார்ப்புக்காரர்களும் வண்ணக்காரர்களும் ஒரே ஊரில் இருப்பது பெரும் பாக்கியம். ஆனால் விசா, தொழிற்சங்க உறுப்பினர் அட்டை என்று தடைகள் உண்டு. குடியிருக்கப் போகாமல், விடுப்பெடுத்து இரண்டு வாரம் போய் ஒரு செட் எழும்புவதைத் தரையிலிருந்து பாருங்கள். பக்கத்திலேயே வேலை இருக்கிறது என்பதையும் மறக்காதீர்கள். 2018இல் வந்த 'கிரேஸி ரிச் ஏஷியன்ஸ்' கதை நடப்பது சிங்கப்பூரில். அதில் வரும் பெரிய மாளிகை கோலாலம்பூரின் கார்கோசா ஸ்ரீ நெகாரா. நம்மிடம் இடம் குறைவு, பழைய கட்டடம் அதைவிடக் குறைவு. அதனால் ஜொகூர், ஈப்போ, பினாங்கு என்று போய்வரத் தயாராக இருப்பவருக்கு வேலை கூடுதல்.

தமிழ் நிகழ்ச்சிகளை மட்டும் நம்பி வாழ முடியாது என்பதையும் மறைக்க மாட்டேன். ஆங்கில, சீன, மலாய்ப் படைப்புகளிலும் வேலை செய்ய வேண்டும். சீனர் வீட்டில் வாசல் பக்கம் தரையோடு வைக்கும் மண் தெய்வத்தின் மாடம் எது, உள்ளே உயரத்தில் வைக்கும் மூதாதையர் மாடம் எது என்று தெரியாமல் செட் அமைத்தால் அது அவமரியாதை. தெரியாததைக் கேட்டுக் கற்பது இந்தத் தொழிலில் பாதி. அதேபோல் உங்களிடம் கேட்கப்படும்போது உறுதியாக நில்லுங்கள். விளம்பரக்காரர்கள் இந்தியர் வீடு என்றதும் யானைச் சிலையும் மயிலிறகும் கேட்பார்கள். "எங்க வீட்ல அது இல்லை, இதுதான் இருக்கும்" என்று படத்தோடு காட்டுங்கள். பலமுறை ஏற்றுக்கொள்வார்கள். என் அனுபவத்தில் சொல்கிறேன்.

இனி பணம். சாவி வாங்கும்வரை வேலையை விடாதீர்கள். வங்கிக் கடன் என்றால், மாறிக்கொண்டே இருக்கும் வருமானத்தில் குறைந்தது 30 விழுக்காட்டைக் கழித்துவிட்டுத்தான் உங்கள் தகுதியைக் கணக்கிடுவார்கள். தனித்தொழில் செய்பவருக்கு முதலாளி கட்டும் மத்திய சேமநிதிப் பங்கு கிடையாது. ஆண்டு நிகர வருமானம் 6,000 வெள்ளியைத் தாண்டினால் மருத்துவச் செலவுக்கான மெடிசேவ் சேமிப்பின் பங்கை நீங்களே கட்ட வேண்டும். சாவி வரும்வரை விடுப்பு நாட்களில் விளம்பரப் படங்களுக்குப் போங்கள். அவை சில நாள் வேலைகள், செட்டில் பொருளை அடுக்கும் செட் டிரெஸ்ஸராகவோ பொருள் வாங்குபவராகவோ சேர்த்துக்கொள்வார்கள். வேலையை விடும் நாளில் அந்த 30,000 வெள்ளி உங்கள் கையில் இருக்கட்டும். ஒரு மாதம் நான்கு வேலை வரும், அடுத்த இரண்டு மாதம் தொலைபேசியே அடிக்காது. அந்த நேரத்தில் வீட்டுக் கடனும் சாப்பாடும் அதிலிருந்துதான்.

இன்னொன்று, இதைக் கண்டிப்பாகச் சொல்கிறேன். பொருள் வாங்க உங்கள் கடன் அட்டையை நீட்டாதீர்கள். பல ஆண்டுகளுக்கு முன் ஒரு தயாரிப்பு நிறுவனத்துக்காக என் அட்டையில் சுமார் 4,000 வெள்ளிக்குப் பொருள் வாங்கினேன், "அடுத்த வாரம் தந்துடுறோம்" என்ற வாய்வார்த்தையை நம்பி. பணம் வர எட்டு மாதம் ஆனது. வட்டியை நான்தான் கட்டினேன். முன்பணம் கையில் வந்த பிறகே கடைக்குக் கிளம்புங்கள். வேலை என்ன, எத்தனை நாள், எவ்வளவு, எந்தத் தேதியில் தருவார்கள், ரத்தானால் என்ன ஆகும் என்பதை மின்னஞ்சலிலாவது எழுதி வாங்குங்கள். எழுத்தில் இருந்தால், 20,000 வெள்ளி வரையிலான தொகைக்கு வழக்கறிஞர் இல்லாமலே சிறு கோரிக்கைகளுக்கான நடுவர் மன்றத்துக்குப் போக முடியும். இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும்.

வேலை கேட்டுப் போகும்போது நாற்பது அடுக்களைகளின் கணினிப் படங்களைக் காட்டாதீர்கள். ஒரே ஒரு காட்சி போதும். காட்சித்தாளின் அந்தப் பக்கம், அதில் நீங்கள் அடிக்கோடிட்டவை, மேற்கோளாக எடுத்த பழைய வீட்டுப் படங்கள், தரை வரைபடம், செலவுக் கணக்கு, கடைசியில் படத்திலிருந்தே எடுத்த ஒரு சட்டகம். தோழியின் குறும்படத்திலிருந்தே இதைத் தயாரிக்கலாம். செலவுக் கணக்கை விட்டுவிடாதீர்கள். நான் ஆள் எடுக்கும்போது முதலில் பார்ப்பது அதைத்தான்.

அம்மாவிடம் வாதாட வேண்டாம், கேள்வி கேளுங்கள். அவர் கல்யாணமாகி வந்த வீட்டில் அரிசி டின் எங்கே இருந்தது, துணி காயப்போடும் மூங்கில் கழியை மழை வந்தால் எப்படி இழுப்பார்கள், சாமி மேடைக்கு விளக்கு வயர் எந்தச் சுவர் வழியாகப் போனது என்று கேட்டு, அவர் சொல்லச் சொல்லத் தாளில் வரையுங்கள். தவறாக வரைந்தால் பென்சிலை வாங்கித் திருத்துவார். அந்தத் தாள் உங்கள் முதல் தரை வரைபடம். தேதி போட்டு வையுங்கள்.

அடுத்து உடைக்கப் போகிற வீடு எது? அங்கே எடுக்கும் படங்களில் பத்தைத் தேர்ந்து, ஒவ்வொன்றுக்கும் கீழே அங்கே வாழ்ந்தவரைப் பற்றி நீங்கள் ஊகித்ததை ஒரு வரியில் எழுதி எனக்கு அனுப்புங்கள். அழகான மூலைகள் வேண்டாம். அடுக்களைக் குப்பைக் குழாய் மூடியின் அளவும் கூடவே வரட்டும், நீளம், அகலம், தரையிலிருந்து உயரம். எனக்குத் தேவைப்படுகிறது.

அன்புடன்,
அக்கா